இழுப்புக் கம்பியில் கட்டிய எருமை

அத்தியாயம் பதினொன்று

போன வாரம் எருமையைக் கரண்ட் கம்பத்தடியில் விட்டுவிட்டு வந்தோம். இந்த வாரமும் அது அங்கேயேதான் நிற்கிறது. அசைக்கக் கூடாது என்பது கோர்ட் உத்தரவு.

இடையில் கல்யாணம், காதுகுத்து என்று ஊருக்குப் போய்விட்டு இப்போதுதான் பத்திரிகையைப் பிரிக்கிறவர்களுக்காகக் கொஞ்சம் பின்னால் போய்விட்டு வருவோம்.

கம்பைநல்லூரிலிருந்து கூப்பிட்டால் கேட்கும் தூரத்தில் ஈச்சம்பள்ளி. (குரல் வளமுள்ளவர் கூப்பிட வேண்டும்.) அங்கே பச்சியப்பன், குப்புராஜ் என்று அண்ணன் தம்பி இருவர். பாகம் பிரித்தபோது நிலம், மாடு, அம்மி, உரல் எல்லாம் ஒழுங்காகப் பிரிந்தன. கிணற்று மேடு மட்டும் யார் பங்கு என்று எழுதாமல் விட்டுப்போயிற்று. மூன்று கட்டில் போட்டால் நான்காவது கட்டில் கிணற்றுக்குள் விழும், அவ்வளவுதான் அகலம். அந்த மேட்டுக்காக இருவரும் ஒரு நாள்கூட முகம் சுளித்ததில்லை.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்தாறில் கரண்ட்காரர்கள் வந்தார்கள். மேட்டின் நடுவே ஒரு கம்பத்தை நட்டார்கள். கம்பம் யார் நிலத்தில் நிற்கிறதோ அவர் பேருக்குத்தான் கிணற்று மோட்டார் என்று சந்தையில் எவனோ ஒருத்தன் சொல்லிவிட்டுப் போனான். அவன் யார், எந்த ஊர், ஏன் சொன்னான், ஒருவருக்கும் தெரியாது. அன்று பொழுது சாய்வதற்குள் மேடு முழுக்கத் தன்னுடையதுதான் என்று அண்ணனுக்கும் ஞாபகம் வந்துவிட்டது, தம்பிக்கும் ஞாபகம் வந்துவிட்டது.

அண்ணன் முந்திக்கொண்டார். தர்மபுரிக்குப் போய் வக்கீல் வைத்து முன்சீப் கோர்ட்டில் தடையுத்தரவு வாங்கினார். வழக்கு முடியும்வரை கம்பத்தடியில் எது எப்படி இருக்கிறதோ அது அப்படியே இருக்க வேண்டும். குப்புராஜும் அவனைச் சேர்ந்தவர்களும் மேட்டில் கால் வைக்கக் கூடாது. மீறினால் கோர்ட் அவமதிப்பு, ஜெயில்.

உத்தரவை ஒட்டக் கோர்ட் ஆள் அமீனா வருகிற அன்று பச்சியப்பனின் மூளை வேலை செய்தது. அது அடிக்கடி வேலை செய்யாது. செய்தால் யாராலும் நிறுத்த முடியாது. மேடு தன் அனுபோகத்தில் இருக்கிறது என்று காட்டுவதற்காகக் கொட்டகையிலிருந்து எருமையை ஓட்டிவந்து இழுப்புக் கம்பியில் கட்டினார். கம்பம் சாயாதிருக்க மேலிருந்து சாய்வாக இழுத்து மண்ணில் புதைத்திருப்பார்களே, அந்தக் கம்பியில்.

“என் நெலம் இல்லேன்னா என் எரும எப்பிடிங்க இங்க நிக்கும்?” என்றார்.

இது சட்டத்துக்குப் பொருந்தும் கேள்விதான். அமீனாவும் எழுதிக்கொண்டார்: ‘கம்பம் ஒன்று. இழுப்புக் கம்பி ஒன்று. அதில் கட்டப்பட்ட வாதியின் எருமை ஒன்று.’ பிறகு மேட்டைச் சுற்றிச் சுண்ணாம்புக் கோடு இழுத்தார். ஒரு பானை மோர் குடித்தார். போய்விட்டார்.

எருமையும் போகலாம் என்றுதான் நினைத்தது. அவிழ்க்கக் குனிந்த பச்சியப்பனின் கையைப் பிடித்து நிறுத்தியவர் வக்கீல் குமாஸ்தா மாதையன்.

“எரும ரிக்கார்டுல ஏறிடுச்சுங்க. அவுத்தா நெலம மாறிடும். ஒங்க உத்தரவ நீங்களே அவமதிச்ச மாதிரி ஆயிடும்.”

அன்று கட்டியது, எட்டு மாதமாக அவிழவில்லை. மேலே பந்தல் வந்தது. கீழே வைக்கோல் வந்தது. பச்சியப்பனின் மனைவி தீர்த்தம்மாள் சுமந்து ஊற்றிய தண்ணீரில் ஒரு ஏரியை நிரப்பி மிச்சத்தில் நாற்று விட்டிருக்கலாம். கோட்டுக்கு வெளியே, ஒரு விரற்கடை தள்ளி, குப்புராஜ் கட்டிலைப் போட்டுப் படுத்துக்கொண்டான். அண்ணன் எப்போது எருமையை அவிழ்ப்பார், எப்போது அவமதிப்பு மனுப் போடலாம் என்று கண் கொட்டாமல் பார்ப்பதுதான் அவனுக்கு வேலை. ஏற்கெனவே ஒன்று போட்டிருந்தான்: அண்ணன் இழுப்புக் கம்பியில் கோவணம் உலர்த்தினார் என்று. அண்ணனும் சும்மா இருப்பாரா? தம்பியின் சேவல் கோட்டைத் தாண்டி வந்து மேட்டைச் சீய்த்தது என்று ஒன்று போட்டார். சேவலைச் சாட்சிக் கூண்டில் ஏற்றுவதா, குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவதா என்று கம்பைநல்லூர் டீக்கடையில் இரண்டு கட்சி.

இரண்டு வீட்டுக்கும் பேச்சு வார்த்தை கிடையாது. ஆனால் பேசாமல் சண்டை போட முடியுமா? அதனால் எல்லாரும் கம்பத்தோடு பேசினார்கள்.

இவ்வளவுதான் கதை. இனி வெள்ளிக்கிழமை காலை.

*

அன்று பச்சியப்பன் வீட்டில் இல்லை. தர்மபுரி பஸ்ஸில் வரும் குமாஸ்தாவை அழைத்துவரக் கம்பைநல்லூருக்குப் போயிருந்தார். யுத்த காலத்தில் பெட்ரோல் கிடைக்காமல் கரியில் ஓடப் பழகிய அந்த பஸ், யுத்தம் முடிந்தும் கரி தின்பதை நிறுத்தவில்லை. எப்போது கிளம்பும், எங்கே நிற்கும் என்பது அதன் வயிற்றைப் பொறுத்தது.

தீர்த்தம்மாள் தவிட்டுத் தண்ணீரோடு வந்தாள். எருமை மோந்துகூடப் பார்க்கவில்லை. படுத்தது. எழுந்தது. திரும்பித் தன் வயிற்றையே பார்த்தது. மறுபடி படுத்தது.

“பொம்மி, என்னாடி ஆச்சு?” என்றாள். வாலைத் தூக்கிப் பார்த்தாள். அவள் கையிலிருந்த குடம் தானாகக் கீழே இறங்கியது.

பொம்மியின் தாய் நாலு வருஷத்துக்கு முன்னால் ஈனும்போதுதான் செத்தது. தாயில்லாத கன்றுக்குத் துணியில் பால் நனைத்துச் சப்பக் கொடுத்து, மழைக்கு வீட்டுக்குள்ளேயே படுக்கவைத்து வளர்த்தவள் தீர்த்தம்மாள். பிள்ளை இல்லாத வீடு. பொம்மியைத் திட்டினால் பச்சியப்பனுக்கு அன்று குழம்பில் உப்பு இருக்காது. இப்போது அதற்குத் தலைச்சன் ஈத்து. கொட்டகையின் மறைவில், மெத்தென்ற தரையில், ஆற அமர ஈன வேண்டியது, நட்ட நடு மேட்டில் கம்பியில் மாட்டிக்கொண்டு தவிக்கிறது.

அவள் கயிற்று முடிச்சில் கை வைத்தாள்.

“கம்பமே!” என்றது கட்டில். “எருமைய அவுத்தா என்னா ஆவும்னு தெரியுமா? அப்பிடியே நேரா ஜெயிலு. எங்கண்ணன் களி திங்கிறதுக்குச் சேலத்துக்குப் போவோணும்.”

“கம்பமே,” என்றாள் தீர்த்தம்மாள், திரும்பாமலே. “கோட்டு ஓரமாப் படுத்துக்கிட்டு அடுத்தவன் எருமைய எண்ணிக்கிட்டு இருக்குதே ஒரு சென்மம், அது நேத்து குளிச்சுதான்னு கேளு.”

“கம்பமே, குளிக்கப் போனா அந்த நேரம் பாத்து அவுத்துருவாங்கன்னு சொல்லு.”

“கம்பமே, நாத்தம் தாங்கலேன்னு சொல்லு.”

குப்புராஜ் பதிலுக்கு வாயைத் திறந்தான். அதே நேரத்தில் பொம்மியின் தண்ணிக்குடம் உடைந்தது.

திறந்த வாய் அப்படியே நின்றது. கட்டிலிலிருந்து எழுந்து உட்கார்ந்தான். அவனும் குடியானவன்தான். ஒரு குளம்பு மட்டும் வெளியே எட்டிப் பார்ப்பதை அவனும் பார்த்தான். இரண்டு குளம்பு வர வேண்டும். இரண்டுக்கும் மேலே மூக்கு வர வேண்டும்.

ஒன்றுதான் வந்தது. அது அதற்குமேல் வரவும் இல்லை.

குப்புராஜ் கம்பத்தோடு ஒன்றும் பேசாமல் எழுந்து தன் வீட்டைப் பார்த்து ஓடினான்.

*

பச்சியப்பனும் குமாஸ்தா மாதையனும் வந்து சேர்ந்தபோது வெயில் உச்சிக்கு ஏறியிருந்தது. பஸ்ஸின் பின்வரிசையில் கரி உலைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வந்ததால் குமாஸ்தாவின் ஒரு பாதி குமாஸ்தாவாகவும் மறு பாதி பொம்மிக்குக் கூடப்பிறந்தது மாதிரியும் இருந்தது. ஆனாலும் அவர் குடையை ஊன்றிக்கொண்டு கம்பீரமாகத்தான் நடந்தார். சொல்ல வந்த சேதி அப்படி.

“இன்னைக்குச் சாயங்காலம் அமீனா வராரு,” என்றார். “எல்லாம் அப்பிடி அப்பிடியே இருக்குதான்னு பாத்து எழுதிக்கிட்டுப் போவாரு. எல்லாம் சரியா இருந்துச்சுன்னா கேசு பாதி ஜெயிச்சாச்சுன்னு வெச்சுக்குங்க. அதச் சொல்லத்தான் இந்தக் கரிவண்டியில உசுர வெறுத்து வந்தேன்.”

பச்சியப்பனின் காதில் அதற்குள்ளேயே மோட்டார் ஓடியது. சேலத்துக்குப் பக்கத்தில் ஒரு தோட்டத்தில் அவர் அதை ஒரு முறை பார்த்திருக்கிறார். பொத்தானை அமுக்கியதும் தண்ணீர் யானைத் துதிக்கை கனத்துக்கு வந்து விழுந்தது. அன்றிலிருந்து அவருக்குக் கனவில் வேறு எதுவும் வருவதில்லை.

மேட்டுக்கு வந்து பார்த்தார். கனவு நின்றது.

“எப்போலேர்ந்து?”

“காத்தாலேர்ந்து,” என்றாள் தீர்த்தம்மாள். எருமையின் தலையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். “ஒரு காலு மடங்கிக் கெடக்குது. நான் கைய விட்டுப் பாத்தேன். எட்டல.”

பச்சியப்பன் துண்டை உதறிவிட்டுக் குனிந்தார். அவர் கை உலக்கையின் பூண் போட்ட பக்கம் மாதிரி இருக்கும். விரலை வைத்ததுமே பொம்மி போட்ட சத்தத்தில் கிணற்றுப் புறாக்கள் எல்லாம் கிளம்பி அரூர்ப் பக்கம் போய்விட்டன. அவர் கையை எடுத்துக்கொண்டார்.

குமாஸ்தா யோசித்தார். “இதுல ஒரு சட்டப் பாயிண்ட்டு இருக்குதுங்க. உத்தரவு ஆனப்போ எரும ஒண்ணு. ஈனிச்சுன்னா ரெண்டு. நெலம மாறுது. ஆனா அது தெய்வச் செயலு. தெய்வத்து மேல அவமதிப்பு மனுப் போட இன்னும் சட்டம் வரல. அதனால ஈனலாம்.”

“ஈனலாமா?” என்றாள் தீர்த்தம்மாள். “கேட்டுக்கோடி பொம்மி. குமாஸ்தா ஐயா உத்தரவு குடுத்துட்டாரு.”

அந்த நேரத்தில் கோட்டுக்கு வெளியே ஒரு விளக்கெண்ணெய் வாசனை வந்தது.

ராணியம்மாள் நின்றிருந்தாள். குப்புராஜின் மனைவி. சேலையைத் தூக்கிச் செருகி, இரண்டு கைகளிலும் முழங்கை தாண்டி எண்ணெய் பூசி, கால் கட்டைவிரல் சுண்ணாம்புக் கோட்டில் பட்டும் படாமல் நின்றிருந்தாள். ஆள் நல்ல உயரம், நல்ல அகலம். கைகள் மட்டும் யாரோ பள்ளிக்கூடத்துப் பெண்ணிடம் கடன் வாங்கியவை மாதிரி சின்னதாக இருக்கும். சுற்றுவட்டாரத்தில் எந்த மாட்டுக்கு ஈத்து சிக்கினாலும் அந்தக் கைகளைத்தான் தேடி வருவார்கள். அதில் அவளுக்கு இருந்த பெருமையை அளக்க அந்தக் காலத்துப் படி, மரக்கால் எதுவும் போதாது.

அவளுக்குப் பின்னால் எண்ணெய்க் கிண்ணத்தோடு குப்புராஜ். களை வெட்டப் போயிருந்தவளைத் தேடிப் பிடித்துக் கூட்டிவர அவனுக்கு இவ்வளவு நேரம் ஆகியிருந்தது.

“கம்பமே,” என்றாள் ராணியம்மாள். “நான் வந்துட்டேன். இந்தக் கையால நான் எடுத்த கன்னுங்கள வரிசையா நிறுத்துனா மொத கன்னு இங்க நிக்கும், கடைசிக் கன்னு நல்லம்பள்ளியில நிக்கும். கூப்பிட வேண்டியவங்க கூப்புட்டா வருவேன்.”

“ராணி, வாடி!” என்றாள் தீர்த்தம்மாள். கம்பத்தோடு அவளுக்கு அத்தோடு சரி. “ஒன்ன நான் கூப்புடுறேன். வாடி என் கண்ணு!”

ராணியம்மாளின் கால் ஒரு தரம் தூக்கியது. மறுபடி அதே இடத்தில் ஊன்றியது.

“நீ கூப்புட்டா நான் வந்துருவேன்க்கா. நான் வந்தா ஒன் வூட்டுக்காரரு என்னத் தூக்கி உள்ள வெச்சுருவாரு. சேவலுக்கே கேசு போட்டவரு. எனக்குப் போட மாட்டாரா? கேசு போட்ட வாயி கூப்புடட்டும்.”

எல்லாரும் பச்சியப்பனைப் பார்த்தார்கள்.

“கூப்புடாதீங்க!” குமாஸ்தா குடையைக் குறுக்கே நீட்டினார். “ஒங்க வாயால கூப்புட்டீங்கன்னா, அவங்க கால் வெக்க ஒங்களுக்கு ஆட்சேபண இல்லேன்னு ஆயிடும். ஆட்சேபண இல்லேன்னா தடையுத்தரவு எதுக்குன்னு கோர்ட்டு கேக்கும். கேசு படுத்துரும்ங்க! சாயங்காலம் அமீனா வேற வராரு. ஒண்ணு செய்யலாம். நான் இப்பவே தர்மபுரிக்குப் போயி வக்கீலக் கேட்டுக்கிட்டு நாளைக்கு…”

“நாளைக்கா?” என்றான் குப்புராஜ். அவனுக்கும் கம்பம் மறந்துபோயிற்று. உடனே நினைவு வந்து கம்பத்தின் பக்கம் திரும்பிக்கொண்டான். “கம்பமே, நாளைக்கு வக்கீலு வந்து எருமையப் பொதைக்கிறதுக்கு எடம் காட்டுவாரான்னு கேளு. கம்பமே, கோவணத்துக்குப் போட்ட மனுவ நான் வேணும்னா வாபஸ் வாங்கிக்கிறேன்னு சொல்லு. கம்பமே, ஒரு வார்த்த கூப்பிடச் சொல்லு கம்பமே!”

கம்பத்துக்கு வாயிருந்தால் அன்று கூப்பிட்டிருக்கும்.

பச்சியப்பன் தொண்டையைக் கனைத்தார். எட்டு மாதமாகத் தம்பி வீட்டைப் பார்த்துப் பேசாத வாய். எத்தனை நடை, எத்தனை வாய்தா, எத்தனை முறை வக்கீல் வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றது. இதோ சாயங்காலம் அமீனா வருகிறார். இன்னும் அரைப் பொழுது வாயை மூடிக்கொண்டிருந்தால் கேசு பாதி ஜெயித்த மாதிரி.

பொம்மி முனகியது. சற்று முன் போட்ட சத்தம் இல்லை. சின்னதாக, யாருக்கும் தொந்தரவு கொடுக்க விரும்பாதது மாதிரி முனகியது.

தீர்த்தம்மாள் அழவில்லை. கத்தவில்லை. எருமையின் காதை நீவிக்கொண்டே புருஷனை நிமிர்ந்து பார்த்தாள். பஸ்ஸில் எதிரே உட்கார்ந்திருக்கும் முன்பின் தெரியாத ஆளைப் பார்ப்பது போல, இவர் எந்த ஊரோ, எங்கே இறங்குவாரோ என்று பார்த்தாள்.

பச்சியப்பன் குறுக்கே நீட்டியிருந்த குடையைக் கையால் ஒதுக்கினார்.

“ராணி,” என்றார். “வாம்மா. நான் கூப்புடுறேன். வந்து பாரும்மா.”

குமாஸ்தா கண்ணை மூடிக்கொண்டார்.

*

அதற்குப் பிறகு நடந்ததை ஒழுங்காகச் சொல்ல முடியாது. ஏனென்றால் ஒழுங்காக நடக்கவில்லை.

ராணியம்மாள் கோட்டைத் தாண்டினாள் என்று சொல்வது சரியில்லை. கோடுதான் அவளுக்கு வழி விட்டது. வந்த வேகத்தில் சொன்னாள்: “கயித்த அவுருங்க மொதல்ல. கழுத்து இறுகுதில்ல?”

“எருமைய அவுத்தா அனுபோகம்…” என்று குமாஸ்தா ஆரம்பித்தார். தீர்த்தம்மாள் புல் அறுக்கிற அரிவாளால் கயிற்றை இரண்டாக்கிவிட்டு, அரிவாளைக் கையில் வைத்துக்கொண்டே “என்னாங்க சொன்னீங்க?” என்று மரியாதையாகக் கேட்டாள். அவர் ஒன்றும் சொல்லவில்லை என்றார்.

“மாமா, வாலத் தூக்கிப் புடிங்க. அந்தப் பக்கம் இல்ல, இந்தப் பக்கம். எட்டு மாசம் கேசு நடத்தத் தெரியுது, வாலப் புடிக்கத் தெரியலியா? அக்கா, தலைய வுடாத. குமாஸ்தாவே, சும்மாதானே நிக்கிறீங்க, எண்ணெயப் புடிங்க!”

குமாஸ்தாவின் கையில் கிண்ணம் வந்துவிட்டது. குடை எங்கே போயிற்று என்று அவருக்குத் தெரியாது.

ராணியம்மாள் தரையில் படுத்துக் கையை உள்ளே செலுத்தினாள். கண்ணை மூடிக்கொண்டாள். அவள் வாய் ஓய்ந்த நேரம் அந்த ஊரில் அது ஒன்றுதான். கன்றை மெள்ள உள்பக்கமாகத் தள்ளினாள். மடங்கிய காலைத் தேடினாள். முட்டியைத் தாண்டி, குளம்பை உள்ளங்கையில் பொத்தி, எருமையின் உள்ளே எங்கும் கீறாமல் அதை முன்னால் கொண்டுவந்தாள். நெற்றியிலிருந்து வேர்வை மூக்கு வழியாகச் சொட்டியது.

“வந்துருச்சு,” என்றாள். “ரெண்டு காலும் வந்துருச்சு. மூக்கும் இருக்குது. என்னாங்க, கட்டில்கிட்ட நின்னுக்கிட்டு வேடிக்கையா பாக்குறீங்க? வந்து இழுங்க!”

குப்புராஜ் கட்டிலைத் தாண்டி, கோட்டைத் தாண்டி, குமாஸ்தாவையும் பாதி தாண்டி வந்து விழுந்தான். ஒரு காலை அவன் பிடித்தான். வாலை விட்டுவிட்டு மறு காலை அண்ணன் பிடித்தார்.

“நான் சொல்லும்போது இழுங்க. அது முக்கும்போது மட்டும் இழுக்கணும். இப்ப!”

“ஏய், கீழ்ப்பக்கமா இழுடா!”

“நீ மொதல்ல ஒன் காலப் பாரு!”

“என் காலு வந்துருச்சு, ஒன் காலுதான்டா வல்ல!”

எட்டு மாதத்துக்குப் பிறகு இருவரும் நேரே பேசிய முதல் வார்த்தைகள் இவை. அதை இருவருமே கவனிக்கவில்லை. கன்று வழுக்கிக்கொண்டு வெளியே வந்தது. அண்ணன் தம்பி மேல் விழுந்தார், தம்பி குமாஸ்தா மேல் விழுந்தான், எண்ணெய் எல்லார் மேலும் விழுந்தது.

கன்று அசையவில்லை. ராணியம்மாள் அதன் மூக்கைத் துடைத்தாள், வைக்கோலால் மூக்குக்குள் குடைந்தாள், விலாவில் தேய்த்தாள். “மூச்சு வுடுடி, வுடுடி, ஒனக்கும் வாய்தா வேணுமா?” என்று திட்டினாள்.

அது தும்மியது.

தும்மல் என்றால் அப்படி ஒரு தும்மல். தீர்த்தம்மாள் அப்போதுதான் அழுதாள். ராணியம்மாளின் எண்ணெய்க் கையைப் பிடித்துத் தன் முகத்தில் வைத்துக்கொண்டு அழுதாள்.

“கெடேரிக்கா,” என்றாள் ராணியம்மாள். “பொட்டக் கன்னு. ஆத்தா மாதிரியே மூஞ்சி. சரி, வுடு, என் கைய வுடு. எனக்குப் பசிக்குது.”

*

ராணியம்மாள் வீட்டில் அன்று களி கிண்டியிருந்தாள். அது மேட்டுக்கே வந்தது. கீரைக் கடைசலும் வந்தது. குமாஸ்தா மூன்று உருண்டை விழுங்கினார். நான்காவதைச் சட்டப்படி மறுக்க முடியாது என்று அதையும் விழுங்கினார். விழுங்கிவிட்டுக் குப்புராஜின் கட்டிலில் சாய்ந்தார். பொம்மி கன்றை நக்கிக்கொண்டே இருந்தது. சுண்ணாம்புக் கோடு இருந்த இடத்தில் எண்ணெயும் வைக்கோலும் இருந்தன.

வெயில் இறங்கிய பிறகு நஞ்சுக்கொடி விழுந்தது.

மாடு ஈன்றால் நஞ்சுக்கொடியை வைக்கோலில் சுற்றிச் சாக்கில் பொதிந்து உயரக் கட்ட வேண்டும். நாய் எட்டக் கூடாது. எட்டினால் பால் வற்றும். தீர்த்தம்மாள் பொதிந்து முடித்துக் கையை நீட்டினாள். “சீக்கிரம் தூக்கிக் கட்டுங்க. நாயி ரெண்டு வந்து நின்னுக்கிட்டு இருக்குது.”

அந்தக் குடும்பத்தில் அது மூத்தவன் வேலை. பச்சியப்பன் குள்ளம், ஆகையால் தம்பி குனிவான், அண்ணன் அவன் தோள்மேல் ஏறி உட்காருவார், தம்பி நிமிர்வான், அண்ணன் கட்டுவார். அப்பன் செத்த நாளிலிருந்து அந்த வீட்டு மாடு எது ஈன்றாலும் இப்படித்தான். கட்டுகிற இடம் கிணற்று மேட்டு ஆலமரம். மாடு ஈன்ற வீட்டுக்கு அந்த மரத்தைவிட ராசியான மரம் கிடையாது.

பச்சியப்பன் பொதியை வாங்கினார். குப்புராஜ் குனிந்தான். அவர் ஏறினார். அவன் நிமிர்ந்தான். நாலு எட்டு வைத்தான். அவர் கையை உயர்த்தி, தொட்டதில் கயிற்றை மாட்டி, இரண்டு முடிச்சுப் போட்டு, மூன்றாவது முடிச்சையும் இறுக்கினார். கைகளுக்கு வழி தெரியும், கண் எதற்கு?

“நல்லா இறுக்கிட்டியா அண்ணா?”

“பேயடிச்சாலும் அவுராது.”

கட்டிலில் குமாஸ்தா ஏப்பம் விட்டபடி கண் விழித்தார். மேலே பார்த்தார். எழுந்தார்.

“யோவ்!” என்றார். பத்து வருஷ குமாஸ்தா வேலையில் கட்சிக்காரரை அவர் அப்படிக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. “என்னாத்துல கட்டியிருக்கீங்க?”

அண்ணன் மேலே பார்த்தார். தம்பி மேலே பார்த்தான். கரண்ட்காரர்கள் ஏறுவதற்கு அடித்திருந்த இரும்பு ஆணியில் பொதி ஆடிக்கொண்டிருந்தது.

ஆலமரத்தை வெட்டிவிட்டுத்தான் அந்த இடத்தில் கம்பம் நட்டார்கள். அது இரண்டு பேருக்கும் தெரியும். கைக்கும் தோளுக்கும்தான் யாரும் நோட்டீஸ் அனுப்பவில்லை.

“எரும அவுந்தாச்சு,” குமாஸ்தா விரல் விட்டு எண்ணினார். “பிரதிவாதி உள்ள வந்தாச்சு. பிரதிவாதி பொஞ்சாதி வந்தாச்சு. கோடு அழிஞ்சாச்சு. இதெல்லாம்கூட எப்பிடியாவது சொல்லி சமாளிப்பேன். சர்க்காரு கம்பத்துல நஞ்சுக்கொடி கட்டுனத எந்தச் சட்டப் பொஸ்தகத்துல தேடுவேன்? அதுவும் வாதியும் பிரதிவாதியும் ஒருத்தரு மேல ஒருத்தரு ஏறிக் கட்டுனத!”

“அவுத்துரு அண்ணா, அவுத்துரு!”

“மூணு முடிச்சுப் போட்டுட்டேன்டா!”

வாய்க்கால் திருப்பத்தில் சைக்கிள் மணி அடித்தது.

அமீனா காக்கிப் பையோடு சைக்கிளைத் தள்ளிக்கொண்டு மேடேறினார். வந்தவர் நின்றார். கீழே எருமையைப் பார்த்தார், அது அவிழ்ந்து கிடந்தது. கன்றைப் பார்த்தார், அது போன தடவை இல்லை. கம்பத்தைப் பார்த்தார், அது காய்த்திருந்தது. பிறகு, தம்பியின் தோளில் அண்ணனைப் பார்த்தார்.

“எறக்குடா கீழ!” என்று பல்லைக் கடித்தார் பச்சியப்பன்.

“அசையாத அண்ணா,” என்றான் குப்புராஜ், உதடு அசையாமல். “பாத்துட்டாரு. இப்ப எது எப்பிடி இருக்குதோ அது அப்பிடியே இருக்கணும். எறங்குனா அதுவும் அவமதிப்பு.”

அமீனா சைக்கிளை நிறுத்தினார். காகிதத்தை எடுத்தார். பென்சிலை நாக்கில் தொட்டுக்கொண்டு வெகு நேரம் அண்ணாந்து பார்த்தார்.

“இதுல கேசு யாரு மேல எழுதட்டும்?” என்றார். “மேல இருக்கிறவரு மேலயா, கீழ இருக்கிறவரு மேலயா?”

தீர்த்தம்மாள்தான் ராணியம்மாளை ஒரு தரம் பார்த்துக்கொண்டு, முந்தானையில் கையைத் துடைத்தபடி முன்னால் வந்தாள்.

“ரெண்டு பேரு மேலயும் எழுதுங்க, சாமி. ஆனா ரெண்டு பேரையும் ஒரே ஜெயிலாப் பாத்துப் போடுங்க. சோறு கொண்டாற எங்க ரெண்டு பேருக்கும் ஒரே நடையாப் போயிடும்.”